ஆளில்லாத லயத்தில் விளக்கு

பலாபத்வலைக்கு மேலே, கைவிடப்பட்ட தேயிலைத் தோட்டத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளின் கடைசி லயத்தில் வெள்ளிக்கிழமை வெயில் இறங்குகிறது. கூரைத் தகரங்களை எப்போதோ கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். காம்பிரா என்கிற ஒற்றை அறைகளுக்குள் கொய்யாச் செடிகள் தலைக்குமேல் வளர்ந்து நிற்கின்றன. கோடிக் காம்பிராவில் மட்டும் தகரம் இருக்கிறது. அதில் மருதாயி இருக்கிறாள். மண்சரிவுக்குப் பயந்து எல்லாரும் டவுனுக்கு இறங்கிவிட்ட பிறகும், காவல் தெய்வம் மாடசாமிக்கு வெள்ளிதோறும் விளக்கு வைக்க ஆள் வேண்டுமே என்று தங்கிவிட்டவள். இன்றைய விளக்கைப் பலாமரத்தடியில் ஏற்றிவிட்டு, எண்ணெய்ப் போத்தலோடு மரத்துக்குப் பின்னால் நிற்கிறாள். சற்றுக் கீழே, பேச்சுக் கேட்கிற தூரத்தில், ரோட்டில் ஒரு த்ரீவீலர். அதை ஓட்டிவந்த ஜிப்ரி, கொழும்பிலிருந்து வந்த இரண்டு பெண்களுக்குக் குரலைத் தாழ்த்திக் கதை சொல்கிறான்.

"இங்க ஒரு மனுசரும் இல்ல. ஆனா பாருங்க, வெள்ளிக்கிழமைண்டா வெளக்கு எரியும். வளையல் சத்தமும் கேக்கும்."

மருதாயிக்கு இருமல் முட்டுகிறது. முந்தானையை வாயில் அழுத்திக்கொள்கிறாள். வாரம் முழுவதும் அவள் காதில் விழுகிற மனிதக் குரல் இது ஒன்றுதான். "நான்தாம்மா" என்று ஒரு வார்த்தை சொன்னால் பேய் போய்விடும். அடுத்த வெள்ளி த்ரீவீலரும் வராது.

விளக்குச் சுடர் காற்றில் சாய்ந்து நிமிர்கிறது. "ஒண்ணும் கேக்கலையே, போவமா?" என்கிறாள் ஒருத்தி.

மருதாயி கையை உயர்த்தி, வளையல்களை மெதுவாகக் குலுக்குகிறாள்.