மோதிரவிரல் பாலிஷ்

ரெஜினா வீட்டிலேயே ஜெல் பாலிஷ் போட்டுக்கொண்ட மத்தியானம் அது. மாதுளம்பூ நிறப் பாலிஷ் மோதிரவிரல் நகத்தின்மேல் ஈரமாகப் படுத்தபடி, குட்டி விளக்கின் ஊதா வெளிச்சத்துக்குள் மிதந்து போயிற்று.

"ஒரு நிமிஷத்தில் இறுகிவிடுவாய். பிறகு அசைய முடியாது, யோசித்துக்கொள்," என்றது விளக்கு.

"அசைந்தால்தானே! இந்த நகத்தை விட்டு இனி நான் எங்கும் போகமாட்டேன்."

சொன்னபடியே தண்ணீருக்கும் சோப்புக்கும் அது அசையவில்லை. ஆனால் பத்தாம் நாள், நகத்தின் வேரோரம் வெறுமையாக ஒரு பிறை தெரிந்தது.

"அக்கா, என்னைத் தள்ளிவிடுகிறாயா?" என்று கேட்டது பாலிஷ்.

"போடி பைத்தியமே," என்றது நகம். "நான் வளர்கிறேன். உன்னையும் சுமந்துகொண்டுதான்."

அந்த வெறும் பிறை நாளுக்கு நாள் அகலமாகிக்கொண்டே போனது. நகவெட்டி கடித்தது போக, பாலிஷ் நுனியில் ஒரு கீற்றாக மிஞ்சியது. ஒரு காலை நகவெட்டி மறுபடியும் வாயைத் திறந்தது.

"இப்போதாவது பிடியை விடடி. உதிர்ந்து தப்பித்துக்கொள்," என்று கெஞ்சியது நகம்.

பாலிஷ் விடவில்லை. நகத்தின் நுனியும் அதுவும் சேர்ந்தே விழுந்தன, ஜன்னல் வெயிலில், சின்னஞ்சிறு சிவப்புப் பிறையாக.