உதட்டுக்குப் பொருந்திய பெயர்

டிவி திரையில் கார்ட்டூன் பையன் சில்லு இரண்டு தடவை உதட்டை மூடி, ஒரு தடவை வாயை அகலமாகத் திறந்தான்.

"பப்பாளி!"

கச்சிதமாகப் பொருந்தியது. கார்ட்டூனில் அவன் வகுப்பே சிரித்தது.

சோபாவில் அவனும் சிரித்தான். சில்லுவுக்குத் தமிழில் குரல் கொடுப்பவன் அவன்தான். வசனமும் அவனே. தன் ஜோக்குக்கு முதல் ஆளாகச் சிரிப்பான். சில நாள் கடைசி ஆளும் அவனாகவே இருப்பான்.

பக்கத்தில் மகள் நித்திலா சிரிக்கவில்லை. கையிலிருந்த முறுக்கு வாய்க்குப் போகாமல் நின்றது.

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது.

அவள் வகுப்பில் எல்லாரும் ஒட்டிக்கொள்ளப் பார்க்கும் பெண் வர்ஷிகா. வீட்டில் அவளுக்குப் பப்பாளி என்றுதான் பெயர். பள்ளியில் ஒரே ஒருத்தியிடம்தான் சொல்லியிருந்தாள்.

அந்த ஒருத்தி, தட்டை வைத்துக்கொண்டு தோசைக்குக் காத்திருந்த நேரத்தில், அப்பாவிடம் மட்டும் சொன்னாள்.

அப்பா டப்பிங் ஸ்டுடியோவில் உதட்டசைவுக்குச் சொல் கிடைக்காமல் தவித்தபோது அது தானாக வந்து நின்றது. வா ராசாத்தி என்று சேர்த்துக்கொண்டான். எங்கிருந்து வந்தாய் என்று கேட்கவில்லை.

திங்கட்கிழமை பள்ளி முழுக்கப் பப்பாளி.

"வர்ஷிகா கோவமா இருக்காளாடா?"

"இல்லப்பா."

மறுநாளும் கேட்டான்.

"சரியாயிடுச்சுப்பா."

கார்ட்டூனில் எந்தச் சண்டையும் இருபத்திரண்டு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். நடுவில் விளம்பரமும் உண்டு. அவன் அதை நம்பினான்.

பள்ளி வாசலில் பிள்ளைகள் சூழ்ந்துகொண்டார்கள். "சில்லு அங்கிள், பப்பாளி சொல்லுங்க அங்கிள்!" வாழ்க்கையில் முதல் தடவையாக அவன் பிரபலமாகியிருந்தான். தொண்டை கட்டிவிட்டது என்று சைகை காட்டிவிட்டு வண்டியைக் கிளப்பினான்.



வர்ஷிகாவுக்கு உருளைக்கிழங்கு வறுவல் என்றால் உயிர். அவளுக்கும் சேர்த்து நித்திலாவின் சாப்பாட்டு டப்பாவில் அமுக்கி அமுக்கி வைத்தான். ஏழாம் வகுப்புப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்க வேறு வழி அவனுக்குத் தெரியவில்லை.

டப்பா தினமும் காலியாகத் திரும்பி வந்தது.

அதுவே அவனுக்குப் போதுமான சாட்சி.

மூன்றாவது வாரம், வெள்ளிக்கிழமை. டப்பாவைக் கழுவிக்கொண்டே சில்லுவின் கீச்சுக்குரலில் கேட்டான்.

"மேடம், இன்னிக்கு வறுவல் எப்படி? உங்க ஃப்ரெண்டு விரலையும் சேத்துக் கடிச்சுட்டாங்களாமே?"

இந்தக் குரலில் கேட்டு அவள் சிரிக்காமல் இருந்ததே கிடையாது.

ஷூ நாடாவை அவிழ்த்துக்கொண்டிருந்தவள் நிமிரவில்லை.

"அந்தக் குரல்ல கேக்காதப்பா."

குழாயை மூடினான்.

தன் சொந்தக் குரலைத் தேட வேண்டியிருந்தது. செருமிப் பார்த்தான். கொஞ்சம்தான் கிடைத்தது.

"யாரு கூடம்மா சாப்பிடுற?"

ஒரு ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்தாள். அதற்குப் பக்கத்தில் இன்னொன்றையும்.

"யாரு கூடவும் இல்ல. மாடிப்படிக்குக் கீழ. அவ பங்கை டப்பா மூடில எடுத்து வெச்சுட்டு உக்காந்திருப்பேன். பெல் அடிச்சதும் நானே சாப்பிட்டுருவேன்."

அவன் கையிலிருந்த டப்பாவைப் பார்த்தாள்.

"நீ தெறந்து பாப்பியேப்பா."