ஜோடி ஓட்டு

“அதோ பாருய்யா, சொல் தவறாத யோக்கியன்!”

ஆட்டு ரோமம் கத்தரிக்கும் கொட்டகைக்குள் ஓட்டுப் போட நின்ற வரிசையில், சைலஸ் ட்ரெகியர் தனக்கு முன்னால் நின்ற கொல்லன் பாஸ்கோவின் விலாவில் இடித்தான்.

பாஸ்கோ எட்டிப் பார்த்தான். வரிசையில் முதல் ஆளாக, முழங்கால்வரை ஆற்றுச் சேற்றோடு யூவன் மெக்காஸ்கில் நின்றுகொண்டிருந்தான். சைலஸின் பக்கத்துப் பண்ணைக்காரன்.

“யூவன்தானே? அவன் ஓட்டுப் போட வந்தா உனக்கென்ன வயித்தெரிச்சல்?”

“எனக்கும் அவனுக்கும் ஜோடி பேசியிருக்குய்யா!”

பாஸ்கோவின் முகம் மாறியது.

எங்கள் பக்கத்தில் அது பெரிய விஷயம். எதிரெதிர்க் கட்சிக்காரர் இரண்டு பேர் ‘நீயும் போகாதே, நானும் போகல’ என்று கைகுலுக்கிக்கொண்டால் இரண்டு ஓட்டும் கழிந்துவிடும். ஆற்றைத் தாண்டி ஓட்டுப் போட வெள்ளத்தில் குதிரையை இறக்கும் வேலையும் மிச்சம். அதை மீறியவனோடு எவனும் ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட மாட்டான்.

எங்கள் மெம்பர் குதிரையிலிருந்து விழுந்து செத்துப்போனதால் நியூசிலாந்தின் வெலிங்டன் பாராளுமன்றத்துக்கு இந்த இடைத்தேர்தல். நின்றது இரண்டே பேர். காட்பர், ஜெயித்தால் ஆற்றுக்குப் பாலம் கட்ட வைப்பேன் என்றார். லாத்பரிக்குப் பாலமே ஆகாது, படகுத்துறை அவருடையது. சைலஸ் காட்பர் கட்சி. யூவன் லாத்பரியின் குத்தகைக்காரன், அவன் எந்தக் கட்சி என்று கேட்கவே வேண்டாம்.

“பாலம் எனக்கு உசுருய்யா. என் பொண்டாட்டிக்குப் போன பிரசவத்துல மருத்துவச்சி வெள்ளத்தைத் தாண்டி வர்றதுக்குள்ள குழந்தை போயிடுச்சு. இப்ப மறுபடியும் அவளுக்கு நிறைமாசம். இதுக்கு இல்லேன்னாலும் அடுத்ததுக்காவது பாலம் வேண்டாமா?”

“வேணும்தான். ஆனா ஜோடி பேசிட்டு நீ எதுக்கு வந்தே?”

சைலஸ் தொப்பியைக் கண்வரை இழுத்துவிட்டுக்கொண்டான்.

“நானா? அவன் வர்றானா இல்லையான்னு பாக்க வந்தேன்.”

“வரிசையில நின்னுக்கிட்டா?”

“வந்தது நல்லதாப் போச்சு, பாத்தியா? எனக்கு அப்பவே சந்தேகம்!”

பாஸ்கோவுக்குச் சிரிப்பு முட்டியது. ஆனாலும் யூவன் வந்தது அவனுக்கும் உறுத்தியது.

“அவன் அப்படிப்பட்ட ஆளில்லையே. கர்த்தர் நாள்னு ஞாயித்துக்கிழமை சவரம்கூடப் பண்ணிக்க மாட்டானே.”

“முதலாளி கண்ணை உருட்டியிருப்பாரு. இவன் வாயைத் திறக்கட்டும், எல்லார் முன்னாலயும் மானத்தை வாங்கறேன்.”

வாயைத் திறந்துதான் ஆகவேண்டும். மேசைக்கு முன்னால் நின்று வேட்பாளர் பெயரை உரக்கச் சொல்வதுதான் எங்கள் ஊர் ஓட்டு. கொட்டகையில் அத்தனை பேர் காதிலும் விழும். அதற்காகவே லாத்பரி மேசைக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

“யூவன் மெக்காஸ்கில், உங்க ஓட்டு யாருக்கு?” என்றார் தேர்தல் அதிகாரி.

சைலஸ் தொண்டையைக் கனைத்துக்கொண்டு தயாரானான்.

“காட்பருக்கு.”

கனைத்த சைலஸ் வாயை மூட மறந்துவிட்டான்.

“யாருக்குன்னு சொன்னே?” லாத்பரி எழுந்தே விட்டார்.

“காட்பருக்குங்க முதலாளி.”

“உன் குத்தகை அடுத்த மாசம் முடியுது. ஞாபகம் இருக்கா?”

“இருக்குங்க.” யூவன் தொப்பியைக் கழற்றினான். “வீட்ல நேத்தே சொல்லிட்டேன், மூட்டை கட்ட வேண்டியிருக்கும்னு.”

“பைத்தியமா உனக்கு? அந்தக் காட்பர் உனக்கு என்ன செஞ்சான்?”

“அவர் ஒண்ணும் செய்யலீங்க. பக்கத்துப் பண்ணை சைலஸ் அவருக்குத்தான் போடணும்னு இருந்தாரு, ஜோடி பேசி நான்தான் தடுத்துட்டேன். நேத்து சைலஸ் வீட்டம்மாவைப் பார்த்தேன், எழுந்து நடக்க முடியல. அந்தப் பாலத்தைத் தடுத்த பாவம் எனக்கு வேண்டாம்னு தோணிச்சு.”

“அப்ப ஜோடி இல்லேன்னு அவன்கிட்ட சொல்லித் தொலைக்கறதுதானே? அவனே வந்து போட்டிருப்பானே!”

யூவன் தலையை ஆட்டினான்.

“வர மாட்டாருங்க. பொண்டாட்டியை இந்த நிலைமையில தனியா விட்டுட்டு வர்ற ஆளா அவர்?”