ஜப்பான் குளிர்

பெட்டியின் அடிப்பலகையைக் கழற்றியும் பட்டு கிடைக்கவில்லை.

சுங்கச் சேவகர் தங்கவேல் திருப்புளியைக் கீழே வைத்துவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டார். சித்திரை வெயில் சுங்கச் சவுக்கியின் கீற்றுக் கூரைக்கு அடியிலும் வந்திருந்தது.

சவுக்கிக்குக் கிழக்கே பிரெஞ்சுக்காரன் எல்லை. மேற்கே இங்கிலீஷ்காரன் எல்லை. புதுச்சேரியில் வரியில்லாமல் இறங்கும் ஜப்பான் பட்டு, நடுவிலிருக்கும் மூங்கில் தடுப்பைத் தாண்டினால் விலை இரட்டிப்பாகும். தாண்டாமல் பார்ப்பது தங்கவேலின் வேலை.

பட்டு சந்தை நாள் தவறாமல் தாண்டிக்கொண்டிருந்தது.

கொண்டுபோவது கரிக்கலாம்பாக்கத்துச் சின்னப்பிள்ளை, சந்தைகளில் படப்பெட்டி காட்டிப் பிழைப்பவன் என்று மூன்று மொட்டைக் கடுதாசி வந்துவிட்டது. இன்றைக்கும் கோட்டைவிட்டால் உப்பளத்துக்கு மாற்றல் என்று இன்ஸ்பெக்டர் சொல்லியிருந்தார். சாயங்காலம் நேரிலேயே வந்து கேட்பாராம்.

உப்பளத்தில் கீற்று நிழல்கூடக் கிடையாது.

சின்னப்பிள்ளையின் தலைப்பாகையை அவிழ்த்தாயிற்று. வேட்டி மடிப்பை உதறியாயிற்று. பெட்டிக்குள்ளிருந்த பதினொரு படங்களையும் வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்தாயிற்று. எல்லாம் வெறும் காகிதம்.

சின்னப்பிள்ளையின் தோளில் கிடந்த கறுப்புத் துணி ஒன்றுதான் பாக்கி. படம் பார்ப்பவர்களின் தலைமேல் போர்த்துகிற துணி. பத்து ஊர்ச் சந்தையின் தலையெண்ணெயும் ஏறி மினுமினுத்தது. தங்கவேல் அதைத் தடியால் ஒரு குத்துக் குத்தினார். பிறகு தடியைத் துடைத்துக்கொண்டார்.

சின்னப்பிள்ளை பெட்டியைத் திரும்பப் பூட்டினான். ஒரு தேசத்தையே பிரித்துப் போட்டுவிட்டீர்கள், மலை இருந்த இடத்தில் கடல் வந்துவிட்டதோ என்னவோ, ஐயாவே ஒரு தரம் பார்த்துச் சொல்லட்டும் என்றான். சேவகர்களிடம் காசு வாங்குவதில்லையாம்.

இதுவும் சோதனையில் சேர்த்திதான் என்று தங்கவேல் தமக்குள் சொல்லிக்கொண்டார். குனிந்து கண்ணாடித் துளையில் கண்ணை வைத்தார்.

பின்னாலிருந்து துணி தலைமேல் விழுந்தது.

"எண்ணெப் பக்கம் மேல கீது ஐயா. உங்களுக்குன்னு நல்ல பக்கத்த உள்ள வெச்சிருக்கிறேன்."

மணி குலுங்கியது. கயிறு இழுபட்டது. இருட்டில் ஜப்பான் வந்து நின்றது.

டோக்கியோ பட்டணத்துப் பெரிய வீதி. வில்லியனூர்த் தேர்வீதியைப் போல நாலு மடங்கு, ஆனால் குறுக்கே மாடு படுத்திருக்காது என்றான் சின்னப்பிள்ளை. புதுச்சேரியில் புஷ் வண்டியைப் பின்னாலிருந்து தள்ளுகிறோம், அங்கே முன்னாலிருந்து இழுக்கிறார்கள், மற்றபடி உட்கார்ந்திருப்பவர் அதே கனம்தான் என்றான்.

காகிதக் குடை பிடித்த பெண்கள் வந்தார்கள். படத்தில் மழையும் இல்லை, வெயிலும் இல்லை. ஐயா போன பிறகு மடக்கிக்கொள்வார்களாம்.

அடுத்தது சிவப்புப் பாலம். பலகை வழுக்கும், பார்த்து வரவேண்டும் என்றான். தங்கவேலின் கால் தன்னையறியாமல் அகன்று ஊன்றியது.

அந்த ஊரில் சுங்கம் உண்டா என்று துணிக்குள்ளிருந்து கேட்டார்.

பேஷாக உண்டாம். ஆனால் அங்கே பெட்டியைப் பிரிக்கமாட்டார்களாம். முகத்தைப் பார்த்தே நல்லவன் என்று விட்டுவிடுவார்களாம்.

தங்கவேல் சிரிப்பை அடக்கிக்கொண்டார். துணிக்குள் இருப்பவர் சிரித்தால் யாருக்குத் தெரியும் என்று தோன்றியதும் சிரித்துவிட்டார்.

பட்டணம் முடிந்து மலைப்பாதை வந்தது. மரங்கள், மூடுபனி, ஒரு தேநீர்க் கடை. பதினோராவது படம் பூஜியாமா மலை. உச்சியில் பச்சரிசி மாவைக் கொட்டியதுபோல் பனி.

தங்கவேலுக்குக் காதோரம் சில்லென்றது. பிடரியில் ஏதோ தண்ணீரைப் போல வழுக்கி இறங்கியது. நாற்பது வயதில் அவர் பனியைக் கண்டதில்லை. படத்துக்கே இப்படி என்றால் நேரில் போனவன் எப்படித் தாங்குவான் என்று நினைத்தார்.

குளிருகிறதா என்று வெளியே குரல் கேட்டது.

ஆமாம் என்று தலையாட்டினார். துணியும் கூடவே கனமாக ஆடியது.

மூங்கில் தூக்கப்பட்டது. சின்னப்பிள்ளை ஜப்பானைத் தலையில் வைத்துக்கொண்டு மேற்கே போனான்.

அன்று முழுவதும் தங்கவேல் வியர்வையைத் துடைத்துக்கொண்டே அந்த மலையை நினைத்துக்கொண்டிருந்தார். சாயங்காலம் சின்னப்பிள்ளை திரும்பி வந்தபோது அவரே கூப்பிட்டு நிறுத்தினார். சந்தேகம் ஒன்றும் இல்லை. மலையை மட்டும் இன்னொரு தரம் பார்க்கவேண்டும்.

துணி விழுந்தது. இம்முறை லேசாக விழுந்தது.

அதே மலை. அதே பனி. ஆனால் துணிக்குள் புழுங்கியது. எண்ணெய் வாடை அடித்தது. மூக்கு நுனியிலிருந்து ஒரு சொட்டு வியர்வை விழுந்தது.

காலையில் சில்லென்று இருந்ததே என்றார் தங்கவேல்.

"வெயில் ஏறினா பனி நிக்குமா ஐயா? எல்லாம் சந்தையிலியே எறங்கிப்போச்சு."

தங்கவேலின் கை மெல்ல மேலே போனது. துணியின் ஓரத்தைத் தடவியது. ஓரம் நெடுக, புதிதாகப் பிரித்த தையல். அறுந்த நூல்முனைகள் விரலில் வரிசையாக இடறின. ஒரு முனையில் மட்டும் வேறொரு இழை சிக்கியிருந்தது. கண்ணாடித் துளையருகே கொண்டுவந்து பார்த்தார். இளஞ்சிவப்பு. பனியில் வெயில் பட்டதுபோல் மின்னியது.

வெளியே மூங்கில் பக்கம் இன்ஸ்பெக்டரின் சைக்கிள் மணி கேட்டது.

தங்கவேல் தலையை வெளியே எடுக்கவில்லை. துணியை இன்னும் கொஞ்சம் இழுத்துவிட்டுக்கொண்டார். பிறகு உள்ளிருந்தபடியே, சின்னப்பிள்ளைக்கு மட்டும் கேட்கும்படி கேட்டார்:

"யோவ், ஜப்பான்ல உப்பளம் கீதா?"