பையன் யாரும் இல்லை

அமெரிக்காவின் மெம்பிஸ் நகரக் குப்பைவண்டிக் கொட்டகையின் தகரக்கூரையில் மழை அறைகிறது. மழை நாளில் வெள்ளைக்காரர்களுக்குச் சும்மா உட்கார்ந்திருந்தாலும் முழுக்கூலி. கறுப்பர்களான எங்களுக்கு வெறுங்கை. அதற்குத்தான் இந்த வேலைநிறுத்தம். ஒருவரும் வண்டியைத் தொடாமல் நிற்கிறோம். மேசைக்குப் பின்னால், மீசை முளைத்தும் முளைக்காத வெள்ளைக்கார மேற்பார்வையாளன். "டேய் பையா, வண்டிய எடு." அவன் விரல் நீட்டிய எங்கள் அறுபத்தொரு வயது லூஷியஸ் மெல்லத் திரும்பித் தன் முதுகுக்குப் பின்னால் தேடுகிறார். "பையன் யாரும் இல்லியே சார்." வீடு வீடாகக் குப்பை அள்ளித் தலையில் சுமக்கும் ஓட்டைத் தொட்டியைத் தூக்கி அவன் மேசையில் வைக்கிறார். புழு நெளியும் அழுகல் தண்ணீர் காகிதங்களில் பரவி அவன் மடியில் சொட்டுகிறது. "எடுடா இத," என்று கத்துகிறான். லூஷியஸ் குரலை உயர்த்தவில்லை. "இருபது வருசமா என் கழுத்துல வழிஞ்சது இது. நீ எடு, பையா."