அறுபது அடி

“அவனைத் தொட வேணும், அஸீம். தொட்டால்தான் உயிர் திரும்பும்,” என்றாள் நிரோஜினி. “நான் இஞ்ச நிக்கிறன். இடையில அறுபது அடி கிடக்கு.”

கொற்றன் பாலத்துக்கு அப்பால் குப்புறக் கிடந்தான். நெஞ்சில் பூதத்தின் ஈட்டி ஏறியிருந்தது. இந்தச் சுற்று முடிவதற்குள் யாராவது காப்பாற்றாவிட்டால் அவன் கதை முடிந்தது.

அஸீம் மேசையில் விரித்திருந்த கட்டத்தாளையே பார்த்துக்கொண்டிருந்தான். கொற்றன் என்பது நீலச் சாயம் பூசிய ஒரு சோடா மூடி. பூசியவன் அஸீமின் கூட்டாளி தர்மசீலன். இந்த மந்திர விளையாட்டில் கொற்றனாக வாள் பிடித்தவனும் அவன்தான், டெங்குக் காய்ச்சல் அவனைக் கொண்டுபோகும் வரைக்கும்.

இப்போது அந்த மூடியை நகர்த்துவது அவனுடைய அம்மா ஞானமணி.

முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்த கிழமை, அஸீம் கிண்ணியாவில் இருந்து பஸ் ஏறி லிங்கநகருக்கு, தர்மசீலன் வீட்டுக்கு வந்தான். வந்தவனுக்கு உள்ளே போகக் கால் வரவில்லை. வாசல் படலையைப் பிடித்தபடி நின்றான். ஞானமணிதான் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார்.

“அவன்ர விளையாட்டை எனக்கும் பழக்கிவிடு, மகன்,” என்றார்.

பெற்ற மனம், பிள்ளையின் எதையாவது பிடித்துக்கொள்ளத் தவிக்கிறது என்று அஸீம் நினைத்தான். அடுத்த ஞாயிறே, கூட விளையாடுகிற றுவைஸையும் நிரோஜினியையும் கூட்டிக்கொண்டு வந்தான். அன்றிலிருந்து ஒரு ஞாயிற்றுக்கிழமைப் பின்னேரமும் தவறியதில்லை.

விளையாட்டில் கதையை நடத்துகிறவன் அஸீம். பகைவர்களுக்கெல்லாம் தாயக்கட்டை எறிகிறவனும் அவனே, அதுவும் ஒரு காகித மட்டைக்குப் பின்னால் மறைத்து. அதனால் கொற்றன் மேல் எய்த அம்பு எப்போதும் குறி தப்பியது. விஷம் குடித்தால் முறிவுமருந்து பக்கத்திலேயே கிடைத்தது. வளைகுடாவில், கட்டாரில் வந்த வேலையைக்கூட அஸீம் வேண்டாம் என்றுவிட்டான். “நான் போனால் அந்த அம்மாவுக்கு ஆர் இருக்கினம்?” என்று வீட்டில் கேட்டான்.

இன்றைக்கு அவன் வந்ததும் வராததுமாக ஞானமணி அந்தக் கதையைத்தான் எடுத்தார். “உன்ர உம்மா போன் எடுத்தவ. கட்டாருக்கு இன்னும் ஆள் எடுக்கினமாம்.”

அஸீம் காதில் விழாதது போலக் கட்டத்தாளை விரித்தான்.

விளையாட்டுத் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில், ஞானமணி யாரையும் கேளாமல் நீல மூடியைத் தனியே தள்ளிக்கொண்டு போனார். பாலம் கடந்து, பூதங்களின் நடுவில் கொண்டுபோய் வைத்தார். அஸீம் கட்டையை எடுக்கக் கை நீட்டியபோது, “இண்டைக்கு றுவைஸ் எறியட்டும்,” என்றார். றுவைஸ் மேசை நடுவில் எறிந்தான். இருபது முகக் கட்டை எல்லாரும் காண இருபதில் நின்றது; பூதத்தின் ஈட்டி கொற்றனின் நெஞ்சில் ஏறியது.

அதற்கு மேல் மறைக்க எதுவும் இல்லை.

“மந்திரத்தை நீட்டு, நிரோஜினி,” என்றான் அஸீம்.

“நீட்டினாலும் முப்பது அடிதான். தொடுற மந்திரம் அதுக்கு மேல போகாது.”

“ரெண்டு தரம் நீட்டு. அறுபது வரும்.”

றுவைஸ் நிமிர்ந்தான். “ஒரு மந்திரத்தை ஒருக்காத்தான் நீட்டலாம். முந்தி நான் கேட்கேக்க ஏலாது எண்டு நீதானே சொன்னனீ?”

“இண்டைக்கு ஏலும்.”

“அதெப்பிடி?”

“நான்தானே நடத்துறன். ஏலும் எண்டால் ஏலும்.”

அவன் குரல் போன போக்கில் றுவைஸ் கட்டையை நிரோஜினியின் பக்கம் தள்ளினான். துறைமுகத்தில் ஒரு கப்பல் நீளமாக ஊதி ஓய்ந்தது. நிரோஜினி மெல்லக் கட்டையை எடுத்தாள்.

ஞானமணி அவள் கையைப் பிடித்தார். “வேண்டாம், பிள்ளை. விதியில இல்லாததைச் செய்ய வேண்டாம்.”

“அம்மா, உங்களுக்கு விளங்கேல்லை,” என்றான் அஸீம். “இந்தச் சுற்றோட கொற்றன் செத்திடுவான். பிறகு கொண்டுவர ஏலாது.”

“விளங்கித்தான் அங்கால கொண்டுபோய் வைச்சனான்.”

அஸீம் மூடியைக் கையால் பொத்தினான். அவனுக்கு ஆஸ்பத்திரி நினைவு வந்தது. வாட்டுக்குள் ஒருவரைத்தான் விட்டார்கள். அம்மா உள்ளே போனார். அவன் கண்ணாடிக்கு இப்பால் நின்று, கூட்டாளியின் கால் விரல்களை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தான். கடைசிவரை கிட்டப் போகக் கிடைக்கவில்லை.

“நீங்கள் தாங்கமாட்டீங்கள், அம்மா,” என்றான். “இவ்வளவு நாளும் உங்களுக்காகத்தானே நான்...”

செத்தவீட்டில் கொட்டகை போட்டு, கதிரை அடுக்கி, வந்தவர்களுக்குத் தேத்தண்ணி கொடுத்து, ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல் ஓடித் திரிந்தவன், இப்போது மேசையில் தலையைக் கவிழ்த்து விம்மினான்.

ஞானமணி கதிரையை இழுத்துப் போட்டு அவனருகே இருந்தார். அவன் அழுது ஓயும்வரை முதுகைத் தடவிக்கொடுத்தார்.

பிறகு மெதுவாகச் சொன்னார்.

“நான் அவனை அண்டைக்கே அனுப்பிப்போட்டன், மகன். உனக்குத்தான் ஏலாமல் கிடந்தது.”