மனு பார்க்க வந்தவள்

“உறவுமுறைன்னு கேக்கறாங்கக்கா. இன்னான்னு எழுதட்டும்?”

ஷைனி பேனாவைத் தாளிலிருந்து எடுக்காமலே புவனேஸ்வரியிடம் கேட்டாள்.



புழல் சிறை வாசலில், கைதியைப் பார்க்க மனு கொடுக்கும் வரிசையில் நின்றபோதுதான் இருவருக்கும் பழக்கம். ஷைனி மீஞ்சூர்க்காரி. உள்ளே இருக்கும் புருஷனைப் பார்க்க வாரம் தவறாமல் வருகிறவள். புவனேஸ்வரிக்குக் கையெழுத்து மட்டும்தான் போட வரும். கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் ஒரு கம்பெனி கேன்டீனில் பாத்திரம் கழுவுகிறாள். லீவு சொல்லிவிட்டு, விடிந்ததும் பஸ் ஏறியிருந்தாள்.

கைதியின் பெயர் இம்மானுவேல். வயது இருபத்தாறு. தகப்பன் பெயர் ராஜமாணிக்கம். அதையெல்லாம் தடங்கலில்லாமல் சொன்னவள் உறவுமுறையில் நின்றுவிட்டாள்.

“எங்க தெரு புள்ளம்மா. தெரிஞ்ச பையன்னு போடு.”

“தெரிஞ்ச பையன்னா ஆயிரம் கேள்வி கேப்பாங்கக்கா. அத்தைன்னு போட்டுடறேன்.”

போட்டுவிட்டாள்.

“பிஸ்கட்டு, பழம் ஒண்ணும் வாங்கினு வரலியா?”

புவனேஸ்வரிக்கு அது தோன்றவே இல்லை. சின்ன வயதில் அவன் அவள் வீட்டில் சாப்பிடாத நாள் குறைவு. குழம்பு முட்டையைக் கடைசிவரை தொடாமல் தட்டோரம் ஒதுக்கி வைத்திருந்து தின்பான். என்ன பிடிக்கும் என்று தெரிந்தும் வெறுங்கையோடு வந்து நின்றாள்.

ஜன்னலுக்குப் பின்னால் இருந்த காவலர் மனுவையும் ஆதாரையும் மாற்றி மாற்றிப் பார்த்தார்.

“அவன் உள்ள வந்து ரெண்டு வருசம் ஆவுது. இப்பதான் அத்தைக்கு வழி தெரிஞ்சுதா?”

அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

உள்ளே அவள் பெயரைச் சொல்லிக் கேட்பார்கள், அவன் பார்க்கிறேன் என்றால்தான் பார்க்க முடியும் என்றார்.

சிமென்ட் பெஞ்சில் உட்கார்ந்தாள். ஷைனியை முதலில் கூப்பிட்டார்கள். போனவள் கால் மணி நேரத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டு வந்து, “வரேங்கா” என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனாள். வெயில் ஏறியது. அவன் வேண்டாம் என்று சொல்லிவிட்டால் நல்லது என்று ஒருகணம் இருந்தது. அடுத்த பஸ்ஸைப் பிடித்து ஊர் போய்ச் சேர்ந்துவிடலாம். மறுகணமே, அப்படிச் சொல்லிவிடுவானோ என்று எழுந்து ஜன்னல் பக்கம் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.

பன்னிரண்டு மணிக்கு மேல் அவள் பெயரைக் கூப்பிட்டார்கள்.

கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் இம்மானுவேல் நின்றிருந்தான். இளைத்திருந்தான். அவளைக் கண்டதும் இரண்டு கையையும் கூப்பினான். பேசுவதற்காக வைத்திருந்த போனை அவன் தொடவில்லை. அவள் எடுத்துக் காதில் வைத்த பிறகுதான் எடுத்தான்.

அவன் தள்ளிவிட்டதில் செத்துப்போனவன் ரகு. புவனேஸ்வரியின் ஒரே மகன்.

இரண்டு பேரும் பத்து வயதிலிருந்து சிநேகிதர்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை, லாரிகள் நிறுத்தும் இடத்தில், ஒன்றுமில்லாத விஷயத்துக்குத் தகராறு. ஒரே ஒரு தள்ளு. லாரியின் பின்பக்க இரும்புச் சட்டத்தில் ரகுவின் மண்டை மோதியது. தள்ளியவனே அவனை லோடு ஆட்டோவில் ஏற்றி, மடியில் தலையைச் சாய்த்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனான். போய்ச் சேர்ந்தபோது உயிர் இல்லை.

தீர்ப்பு வந்த அன்று கோர்ட் வாசலில் மண்ணை வாரி இம்மானுவேலின் முகத்தில் தூற்றினாள் புவனேஸ்வரி. ஊரே பார்த்தது.

ஊருக்குத் தெரியாத ஒன்று இருந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ரகு சாப்பிட உட்கார்ந்தான். மூன்று நாளாக வேலைக்குப் போகாதவன் மேல் இருந்த ஆத்திரத்தில், சோற்றுத் தட்டை அவன் முன்னாலிருந்து பிடுங்கி, “எங்கனா போய்ச் செத்துத் தொலைடா” என்றாள். ரகு எழுந்து போனான்.

வாசலில் பைக்கோடு நின்றிருந்த இம்மானுவேல் மட்டும் அதைக் கேட்டான். போலீஸிலும் கோர்ட்டிலும் அவன் அதைச் சொல்லவில்லை.

அவள் போனை இறுக்கிப் பிடித்தாள். வழியெல்லாம் மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்த கேள்வியைக் கேட்டாள்.

“வண்டில போவும்போது... ரகு என்னப் பத்தி எதனா சொன்னானாடா?”

இம்மானுவேல் அவளைப் பார்த்தான். பிறகு கீழே பார்த்துக்கொண்டு சொன்னான்.

“சொன்னாம்மா. அம்மா ஏதோ கோவத்துல சொல்லிச்சு, அதையே நெனச்சிகினு இருக்கப் போவுது, எனக்கு வருத்தம் ஒண்ணும் இல்லன்னு சொல்லிடுடா மச்சான்னான்.”

தலையில் அடிபட்ட நொடியிலேயே நினைவு போயிருக்கும், அதற்குப் பிறகு ஒரு வார்த்தைகூடப் பேசியிருக்க வழியில்லை என்று டாக்டர் சாட்சி சொன்ன அன்று, புவனேஸ்வரி கோர்ட்டில்தான் உட்கார்ந்திருந்தாள். கூண்டில் இம்மானுவேல் நின்றிருந்தான். இரண்டு பேர் காதிலும் அது விழுந்தது.

அவள் போனைக் காதோடு இன்னும் அழுத்திக்கொண்டாள்.

“அப்புறம் இன்னா சொன்னான்?”